குலச்சிறையாரின் வீடு எப்படி இருந்திருக்கும்?

புதுக்கோட்டை மாவட்டத்துக்குக் கிடைத்திருக்கும் கடலோரம் குறுகியது. அந்தக் குறுகிய கரையில், தெற்கு வெள்ளாறு பாக் நீரிணையில் கலக்கும் பகுதியில் இருக்கிறது மணமேல்குடி. கட்டுமாவடி, கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், மீமிசல் என்று நீளும் மீன்பிடி ஊர்களின் வரிசையில் ஒன்றாகத்தான் வெளியூர்க்காரர்கள் இதை அறிவார்கள். சைவர்களுக்கு இது வேறொரு காரணத்தால் பெரிய ஊர். அறுபத்து மூன்று நாயன்மார்களில் ஒருவரான குலச்சிறையார் பிறந்த மணமேற்குடி இதுவே. ஏழாம் நூற்றாண்டில் பாண்டிய மன்னன் நின்றசீர் நெடுமாறனுக்கு அமைச்சராக இருந்தவர் அவர். அரசி மங்கையர்க்கரசியாரோடு சேர்ந்து திருஞானசம்பந்தரை மதுரைக்கு வரவழைத்தவர். சோழ நாட்டுக்கும் பாண்டிய நாட்டுக்கும் வெள்ளாறே எல்லை என்பது பழைய மரபு. ஆகவே ஓர் எல்லையோர ஊரிலிருந்து எழுந்து தலைநகரத்தின் அரசியலையே திருப்பிய மனிதரின் கதை இது. நல்ல திரைப்படத்துக்கு வேண்டிய எல்லாம் இதில் இருக்கிறது. ஆனால் இதைப் படமாக்க ஒருவர் முன்வந்தால், நடிகர் தேர்வுக்கும் வசனத்துக்கும் முன்பே ஒரு கேள்விக்குப் பதில் வேண்டும். குலச்சிறையார் பிறந்த வீடு எப்படி இருந்திருக்கும்? கூரை எதனால் வேயப்பட்டது, தூண் மரமா கல்லா, திண்ணை உண்டா, விளக்கு எங்கே வைத்தார்கள்? இதற்குப் பதில் சொல்ல வேண்டியவர் கலை இயக்குநர்.

தமிழ்த் திரைப்படக் கலை இயக்கத்தின் வரலாற்றை இந்தக் கேள்விக்குக் காலந்தோறும் சொல்லப்பட்ட பதில்களின் வரலாறாகப் படிக்க முடியும் என்று நினைக்கிறேன். நம் பழைய நாட்டில் கோயில்கள் கல்லில் நிலைத்தன. மனிதர்கள் வாழ்ந்த வீடுகள் நிலைக்கவில்லை. அந்த வெற்றிடத்தை நிரப்பியது கல்வெட்டறிஞரோ அகழ்வாய்வாளரோ என்பதைவிட, நாடகத் திரை எழுதிய ஓவியரும் ஸ்டூடியோ ஃப்ளோரில் பிளைவுட்டும் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸும் வைத்து அரண்மனை எழுப்பிய கலை இயக்குநரும்தான். சோழன், பாண்டியன் என்றதும் நம் மனக்கண்ணில் எழும் தூண்களும் சிம்மாசனமும் பட்டுத் திரைகளும் அவர்கள் கொடுத்தவை. இவ்வளவு பெரிய செல்வாக்குள்ள ஒரு தொழிலை நாம் அலங்கார வேலையாக மட்டும் பார்த்து வந்திருக்கிறோம். அது வரலாற்று ஆய்வின் ஒரு வடிவம். அப்படி மதித்தால்தான் அதைச் சரியாகப் பாராட்டவும் முடியும், சரியாகக் குறை சொல்லவும் முடியும்.

தொடக்கம் நாடக மேடை. சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துக் கம்பெனிகளுக்குப் பார்சி நாடகக் குழுக்களிடமிருந்து வந்த சொத்துகளில் முக்கியமானது எழுதப்பட்ட திரை. தெரு, காடு, பூங்காவனம், தர்பார் என்று சில படுதாக்கள் இருந்தால் எந்தக் கதையையும் ஆடிவிடலாம். அரிச்சந்திரனின் தர்பாரும் பாண்டியனின் தர்பாரும் ஒரே துணி. அந்தத் துணியில் எழுதப்பட்ட அரண்மனையில் ஐரோப்பியத் தூண்களும் வளைவுகளும் சிவப்பு வெல்வெட் திரைகளும் பளிங்குத் தரையும் இருந்தன. இதற்குப் பின்னால் மேடைத் தேவை ஒன்று உண்டு. தூரத்தில் உட்கார்ந்திருப்பவனுக்கும் ஆழம் தெரிய வேண்டும். வரிசையாகச் சிறுத்துக்கொண்டே போகும் தூண்கள் அதை எளிதில் கொடுத்துவிடும். கன்னையா கம்பெனியின் காட்சி ஜோடனைகளும் நவாப் ராஜமாணிக்கத்தின் தந்திரக் காட்சிகளும் மக்களைக் கட்டிப்போட்டன. திரை எழுதியவர்களின் கை மேடையோடு நிற்கவுமில்லை. நாடகக் குழு ஒன்றோடு திரை எழுதி வந்த கொண்டையராஜு, குழு கலைந்ததும் கோவில்பட்டியிலேயே தங்கிக் காலண்டர் ஓவியத்தில் ஒரு பரம்பரையையே உருவாக்கினார். மேடையின் தூணும் திரையும் அப்படித்தான் வீடுகளின் சுவருக்கு வந்து, தெய்வங்களுக்குப் பின்னால் நின்றன. பேசும்படம் பிறந்தபோது தமிழனின் கண் ஏற்கெனவே பழகியிருந்தது.

1931-இல் ‘காளிதாஸ்’ வந்த பிறகு சில ஆண்டுகள் தமிழ்ப் படங்கள் பம்பாயிலும் கல்கத்தாவிலும் எடுக்கப்பட்டன. அங்கே நின்றுகொண்டிருந்த செட்டுகளிலேயே நம் புராணங்களும் நடந்தேறின. 1934-இல் ஏ. நாராயணனின் ஸ்ரீனிவாசா சினிடோன் சென்னையில் ஒலிப்பட ஸ்டூடியோவைத் தொடங்கியதும் வேலை உள்ளூருக்கு வந்தது. தச்சரும் பெயின்டரும் அச்சு வார்க்கும் மோல்டரும் மாதச் சம்பளத்துக்கு ஸ்டூடியோவில் அமர்ந்தார்கள். கலை இயக்குநர் என்ற பதவிக்கு எடை வந்தது ஜெமினியின் ‘சந்திரலேகா’வில். 1948-இல் வெளிவந்த அந்தப் படத்தின் முரசு நடனத்துக்கு ஏ.கே. சேகர் அமைத்த காட்சியில், பெரும் முரசங்களே தளமாகவும் மேடையாகவும் கதைத் திருப்பமாகவும் ஆயின. வீரர்கள் முரசுகளுக்குள் ஒளிந்திருக்கிறார்கள் என்பதால் செட் வெறும் பின்னணியாக இல்லாமல் கதையையே நகர்த்தியது. இதற்குச் சில ஆண்டுகளுக்கு முன், 1939-இல், ஹாலிவுட்டில் ‘கான் வித் தி விண்ட்’ படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சீஸுக்குப் ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற புதுப் பட்டம் தரப்பட்டிருந்தது. படத்தின் கண்ணுக்குத் தெரியும் எல்லாவற்றுக்கும் ஒருவர் பொறுப்பு என்பது அதன் பொருள். ஏ.கே. சேகர் ‘சந்திரலேகா’வில் செய்த வேலை அதற்குச் சற்றும் குறைந்ததில்லை. ஆனால் அந்தப் படம் எந்த நாட்டில், எந்த நூற்றாண்டில் நடக்கிறது என்று கேட்டால் பதில் கிடையாது. கற்பனை நாட்டுக் கதை என்பதால் அது குற்றமும் ஆகாது.

சிக்கல் வந்தது உண்மையான பெயர்களும் ஊர்களும் கதைக்குள் வந்தபோது. ‘திருவிளையாடல்’ 1965-இல் மதுரையின் பாண்டிய அவையைக் காட்டியது. கங்காவின் கலை இயக்கத்தில் அந்த அவையும் கயிலாயமும் கண்ணுக்கு நிறைவாக இருந்தன, இன்றும் இருக்கின்றன. ஆனால் அந்த அவையை எந்த மாதிரியிலிருந்து எடுப்பது? மதுரையில் கண்ணெதிரே நிற்கும் ஒரே பெரிய அரண்மனை திருமலை நாயக்கர் மஹால். அது 17-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. சங்கப் பாண்டியனுக்கும் அதற்கும் நடுவே ஆயிரத்தைந்நூறு ஆண்டு இடைவெளி. அதைத் தவிர்த்தால் மீனாட்சி அம்மன் கோயில் மண்டபங்கள். ஆகவே தமிழ்த் திரையின் அரசர்கள் நாயக்கர் மஹாலின் வளைவுகளுக்கும் கோயில் மண்டபத்தின் யாளித் தூண்களுக்கும் இடையே வாழத் தொடங்கினார்கள். தெய்வத்துக்குக் கட்டப்பட்ட வீட்டில் மனிதர்கள் குடியேறினார்கள் என்று சொல்லலாம். திரைப்படக்காரர்களை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. 1973-இல் அரசே பூம்புகாரில் சிலப்பதிகாரக் கலைக்கூடத்தை எழுப்பியபோது, கோவலனும் கண்ணகியும் வாழ்ந்த நகரத்தின் நினைவைக் கோயில் சிற்ப மரபின் மொழியில்தான் எழுப்ப முடிந்தது. வேறு மொழி யாருக்கும் கைவசம் இல்லை.

உண்மையில் வேறு மொழி இருந்தது, தேடியவர் குறைவு. மண்டகப்பட்டுக் குகைக் கல்வெட்டில் முதலாம் மகேந்திரவர்மன், செங்கலும் மரமும் உலோகமும் சுதையும் இல்லாமல் இந்தக் கோயிலை அமைத்ததாகப் பெருமைப்படுகிறான். அவை இல்லாமல் கட்டியது புதுமை என்றால், அவற்றால் கட்டுவதே அதுவரை வழக்கம் என்றாகிறது. இது ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதி, குலச்சிறையாருக்குச் சற்று முன். அதே நூற்றாண்டில் மாமல்லபுரத்தில் செதுக்கப்பட்ட திரௌபதி ரதம், கூரை வேய்ந்த குடிசை ஒன்றின் கல் நகல். சிற்பி தன் கண்முன் நின்ற வீட்டைப் பார்த்துச் செதுக்கியிருக்கிறான். ஆக, குலச்சிறையாரின் காலத்துக் கூரையின் சரிவு எப்படி இருந்தது, மூலை எப்படி முடிந்தது என்பதற்கு நம்மிடம் முப்பரிமாணச் சாட்சி இருக்கிறது. கங்கைகொண்டசோழபுரத்து மாளிகைமேட்டில் அகழ்ந்தபோது செங்கல் சுவர்களும், மரத்தூண்களைத் தாங்கிய கல் பீடங்களும், கூரை ஓடுகளும், இரும்பு ஆணிகளும் கிடைத்தன. கடல் கடந்து படை அனுப்பிய சோழனின் அரண்மனையே செங்கல், மரம், ஓடு. தஞ்சைப் பெரிய கோயிலின் உட்சுற்றில் 1931-இல் வெளிப்பட்ட சோழர் ஓவியங்களில், சுந்தரர் கதையைச் சொல்லும் பகுதியில், கல்யாணப் பந்தலையும் சமையலையும் காணலாம். ஆடைக்கும் அணிக்கும் புதுக்கோட்டை மாவட்டத்திலேயே, சித்தன்னவாசலில், ஒன்பதாம் நூற்றாண்டுப் பாண்டியர் ஓவியம் இருக்கிறது.

இந்தச் சாட்சிகளில் எனக்கு மிகவும் பிடித்தது மணமேல்குடிக்குப் பக்கத்து வட்டத்திலேயே உள்ளது. மாணிக்கவாசகரின் திருப்பெருந்துறையான ஆவுடையார்கோயிலின் கொடுங்கைகளை, அதாவது வளைந்து இறங்கும் கல் இறவாரங்களைச் சொல்கிறேன். ஸ்தபதிகள் வேலை ஒப்பந்தம் எழுதும்போது ‘ஆவுடையார்கோயில் கொடுங்கை நீங்கலாக’ என்று சேர்த்து எழுதுவார்கள் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. அவ்வளவு மெல்லிதாகக் கல்லை இழைத்திருக்கிறார்கள். ஆனால் அதன் நுட்பத்தைப் புகழ்வதோடு நாம் நின்றுவிடுகிறோம். அந்தக் கொடுங்கையின் அடிப்பக்கத்தில் கல் எதைக் காட்டுகிறது என்று பாருங்கள். மரச்சட்டங்கள், குறுக்குக் கம்பிகள், அவற்றை இறுக்கும் ஆணிகளின் குமிழ்கள். ஒரு மரக்கூரையை எப்படிக் கோத்தார்கள் என்பதற்கான முழுச் செய்முறை கல்லில் பொறிக்கப்பட்டிருக்கிறது. கோயிலின் இந்தப் பகுதி பிற்காலத் திருப்பணி. ஏழாம் நூற்றாண்டுக்கு நேரடிச் சான்றாக இதைக் காட்ட முடியாது. ஆயினும் தச்சனின் அறிவு தலைமுறை தலைமுறையாக மெதுவாகவே மாறும். கோயிலைப் பார்த்து அரண்மனைக்குக் கல்தூண் நட்ட கலை இயக்குநர், அதே கோயிலின் கொடுங்கையை நிமிர்ந்து பார்த்திருந்தால் மரவீட்டுக்கு வழி கிடைத்திருக்கும்.

அப்படி நிமிர்ந்து பார்த்தவர் ஒருவர் உண்டு. 1943-இல் பூம்புகாரில் பிறந்த பி. கிருஷ்ணமூர்த்தி. கே.சி.எஸ். பணிக்கரும் எஸ். தனபாலும் தடம் பதித்த சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றவர். ஐரோப்பிய நவீன ஓவியத்தை அப்படியே வாங்கிக்கொள்ளாமல் உள்ளூர்க் கைவினை மரபுகளில் வேர் தேடிய தலைமுறை அது. கன்னடத்தில் ஜி.வி. அய்யரின் ‘ஹம்சகீதே’ மூலம் 1975-இல் திரைக்கு வந்தார். அய்யரின் சமஸ்கிருதப் படமான ‘ஆதி சங்கராசார்யா’விலும் அவர் பணி தொடர்ந்தது. அங்கே பார்சி மேடையின் சுவடே இல்லை. ஓலை, மண், மரம், பருத்தி, வெண்கலம், எண்ணெய் விளக்கின் வெளிச்சம். எட்டாம் நூற்றாண்டு மனிதன் எதைத் தொட்டு வாழ்ந்தானோ அவை மட்டும். ‘மத்வாசார்யா’ அவருக்குக் கலை இயக்கத்துக்கான தேசிய விருதைத் தந்தது. அதன்பின் மலையாளம்: ‘சுவாதித் திருநாள்’, ‘வைசாலி’, 1989-இல் ‘ஒரு வடக்கன் வீரகதா’. இந்தக் கடைசிப் படத்துக்குக் கலை இயக்கம், ஆடை வடிவமைப்பு இரண்டுக்கும் தேசிய விருது பெற்றார். 2000-இல் ஞான ராஜசேகரனின் ‘பாரதி’க்கு மீண்டும் அதே இரட்டை விருது. இரண்டு துறைக்கும் ஒரே மனிதர் விருது வாங்கியதைத் தற்செயல் என்று நான் கருதவில்லை. சுவரின் நிறமும் வேட்டியின் பழுப்பும் ஒரே வெளிச்சத்தில் ஒரே காலத்தில் இருந்தவை என்று நினைப்பவரால்தான் அப்படி வேலை செய்ய முடியும்.

அவருக்கு வாய்த்த ஒரு நல்வாய்ப்பையும் சொல்ல வேண்டும். கேரளத்தில் மரக்கட்டடம் இன்னும் உயிரோடு இருந்தது. நாலுகெட்டு வீடுகளும் ஓட்டுக்கூரைகளும் மரத்தூண்களும் கண்ணால் பார்க்கக் கிடைத்தன. கன்னட, மலையாளப் படங்களில் அவர் வேகமாக வளர்ந்ததற்கும், தமிழ் அவரை வெகு தாமதமாகக் கண்டுகொண்டதற்கும் இதுவும் ஒரு காரணம். பழைய வீட்டுக்கு மாதிரி அங்கே இருந்தது. இங்கே கோயில் மட்டும் இருந்தது. தமிழில் அவர் ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’க்கும் ‘நான் கடவுள்’ படத்துக்கும் அமைத்த உலகங்கள் ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாதவை. ஆனால் இரண்டிலும் பொருள்கள் புழங்கிய பொருள்களாகத் தெரியும். 2020 டிசம்பரில் சென்னையில் அவர் காலமானார்.

கலை இயக்கம் இப்படிச் சான்றைத் தேடிப் போக வேண்டும் என்பதற்கு முதலில் எழும் மறுப்பு: சினிமா பாடப்புத்தகமா? கதை நம்பும்படி இருந்தால் போதும், கூரை ஓடா ஓலையா என்று யார் பார்க்கிறார்கள்? இந்த மறுப்பில் நியாயம் இருக்கிறது. ‘சந்திரலேகா’வின் முரசுகளிடம் யாரும் நூற்றாண்டு கேட்கத் தேவையில்லை. ஆனால் ஒரு படம் உண்மையான அரசனின் பெயரையும் உண்மையான ஊரின் பெயரையும் எடுத்துக்கொள்ளும்போது, பார்வையாளரின் நம்பிக்கையையும் கடனாக வாங்குகிறது. பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் சோழ அரசனாக நிற்கும் பிள்ளைக்கு எதை உடுத்துவது என்று தாய் யோசிக்கும்போது அவள் நினைவுக்கு வருவது படம்தான், கல்வெட்டு இல்லை. இவ்வளவு தூரம் பாயும் ஒரு செல்வாக்குக்குப் பொறுப்பு வேண்டாம் என்பது எப்படிச் சரி?

இரண்டாவது மறுப்பு தொழிலுக்குள்ளிருந்து வருகிறது. கலை இயக்குநர் முடிவெடுப்பவர் இல்லை; தயாரிப்பாளருக்குப் பிரம்மாண்டம் வேண்டும், இயக்குநருக்குக் கேமரா நகர இடம் வேண்டும், தேதிகள் நெருக்கும் என்பார்கள். 2022, 2023 ஆண்டுகளில் வந்த ‘பொன்னியின் செல்வன்’ இதற்குச் சரியான எடுத்துக்காட்டு. ‘நாயக’னுக்காக வீனஸ் ஸ்டூடியோவில் தாராவியையே எழுப்பித் தேசிய விருது பெற்ற, ‘இந்திய’னுக்காக மீண்டும் பெற்ற தோட்டா தரணிதான் அதன் கலை இயக்குநர். சோழர் கதை ஓர்ச்சாவிலும் குவாலியரிலும் உள்ள வடநாட்டுக் கோட்டைகளில் படமானது என்று பலர் குறைப்பட்டார்கள். சோழ அரண்மனை ஒன்றுகூட நிற்காத நாட்டில் நெடுந்தூரம் நடக்க, குதிரை விட, உண்மையான சுவர் வேண்டும் என்றால் எங்கே போவது என்ற கேள்வியும் நியாயமானது. ஆனாலும் அங்கே வளைவுகளும் குவிமாடங்களும் சட்டகத்துக்குள் வந்துவிடும் இடங்களில் பத்தாம் நூற்றாண்டைத் தேடும் கண் தடுமாறுகிறது. தரணியின் திறமையில் எனக்கு ஐயமில்லை. அப்படிப்பட்ட திறமைசாலிக்கு மாளிகைமேட்டுச் சான்றுகளின் மீது உயரமான மரமாளிகை ஒன்றை எழுப்பிப் பார்க்க நாம் ஒருமுறையாவது இடம் கொடுத்தோமா என்பதே என் கேள்வி. மரத்தூண் கல்தூணைவிடச் செட் போடுவதற்குச் செலவு பிடிப்பதும் அன்று. இரண்டும் அடியில் சவுக்குக் கம்பும் பிளைவுட்டும்தான்.

மூன்றாவது மறுப்பு கடினமானது. ஓடும் ஆணியும் கிடைத்ததால் மாளிகையின் உருவம் தெரிந்துவிடுமா? மரம் என்று சொல்வதும் ஒரு ஊகம், கல் என்று சொல்வதும் ஒரு ஊகம். எதற்கு ஒன்றைத் தூக்கி மற்றதைத் தாழ்த்த வேண்டும்? இரண்டும் ஊகமே என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் சான்றிலிருந்து புறப்பட்ட ஊகத்தை அடுத்த அகழ்வாய்வு திருத்தலாம். பழக்கத்திலிருந்து புறப்பட்ட ஊகத்தை எதுவும் திருத்தாது. அது முந்தைய படத்தைப் பார்த்து அடுத்த படம் என்று தன்னைத்தானே நகலெடுத்துக்கொண்டு போகும்.

பெரிய மாளிகைகளைப் பற்றியே பேசி, செட்டுக்குள் பொருள்களை வைப்பவர்களை மறந்துவிடக் கூடாது. 1977-இல் ‘16 வயதினிலே’ வந்து, படப்பிடிப்பு கிராமங்களுக்குப் போனபோது ஸ்டூடியோ செட்டின் காலம் முடிந்தது என்றார்கள். உண்மையில் வேலை இடம் மாறியது. நிஜ வீட்டுக்குள் எந்த அடுக்குப்பானையை வைப்பது, எந்தக் காலண்டரை எடுப்பது என்பது புதுக் கலையாயிற்று. 2008-இல் ‘சுப்பிரமணியபுரம்’ 1980-இன் மதுரையை நம்ப வைத்ததில் ரெம்போனின் கலை இயக்கத்துக்குப் பெரும் பங்கு உண்டு. சுவரொட்டி, ரேடியோ, சைக்கிள், டீக்கடைப் பெஞ்சு எல்லாம் அந்த ஆண்டுக்குள் நிற்கின்றன. ஆஸ்கர் விருதில் இந்த வேலையைச் செய்யும் செட் டெக்கரேட்டர் கலை இயக்குநரோடு விருதைப் பகிர்ந்துகொள்கிறார். நம்மிடம் தேசிய விருதில் கலை இயக்கத்துக்கே தனி இடம் வந்தது 1970-களின் இறுதியில்தான். பொருள் தேடி அலையும் உதவியாளருக்கு டைட்டிலில் தெளிவான பெயர்கூட இல்லை.

கணினி வரைகலை வந்தபின் இந்தப் பேச்சே பழையது என்று நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்வேன். கணினிக்கும் யாரோ ஒருவர் கூரையை வரைந்து கொடுக்க வேண்டும். அந்த வரைபடம்தான் இந்தத் தொழிலின் உண்மையான மிச்சம். செட்டுகள் படப்பிடிப்பு முடிந்த வாரமே பிரிக்கப்பட்டுவிடும். பிளைவுட் அடுத்த படத்துக்குப் போகும், அச்சு வார்த்த சிற்பங்கள் நொறுக்கப்படும். ஆனால் பென்சில் கோடுகளும் நீர்வண்ணப் படங்களும் அளவுக் குறிப்புகளும் கலை இயக்குநர்களின் வீட்டுப் பரண்களில் இருக்கின்றன. கரையானுக்கும் மழை ஒழுக்குக்கும் முன்னால் அவற்றைக் காப்பாற்ற வேண்டும். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது, தரமணியில் அரசின் திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது, புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது. கலை இயக்குநர்களின் குடும்பத்தார் இந்த வரைபடங்களைப் பழைய காகிதக்காரருக்குப் போடும் முன் இவற்றில் ஒன்றிடமாவது காட்ட வேண்டும். வாங்கிப் பாதுகாக்க அந்த நிறுவனங்களும் கேட்டு வர வேண்டும்.